உயிரெழுத்துகளுக்கு நிறம் பூசியவர்கள்

சென்ற பள்ளி விடுமுறையில் நடந்த ஆசிரியர் கூட்டம் ஒன்றில், தேநீர் வேளையின்போது இளம் ஆசிரியை ஒருவர் என்னை அணுகி ஓர் ஐயம் கேட்டார். "ஐயா, தமிழ் உயிரெழுத்து ஒவ்வொன்றுக்கும் தனித்தனி நிறமும் ஒளியும் உண்டாம். அந்தந்த நிறத்திலேயே எழுதிக் காட்டினால் பிள்ளைகளின் உள்ளத்தில் எழுத்தின் ஆற்றல் இறங்குமாம். பிரான்சு நாட்டுப் பெருங்கவிஞர் ஒருவரே இதைப் பாடியிருக்கிறாராம். இது உண்மைதானா?" என்பது அவர் வினா.

ஆர்வத்தோடு கேட்ட வினாவுக்கு அவசரத்தில் விடை கூற நான் விரும்பவில்லை. "இரண்டு வாரம் பொறுங்கள் அம்மா, படித்துவிட்டு எழுதுகிறேன்" என்று சொல்லி வந்தேன். அவருக்குச் சொல்ல வேண்டிய விடை மற்ற ஆசிரிய அன்பர்களுக்கும் பயன்படக்கூடும் என்பதால் இங்கே எழுதுகிறேன். இஃது ஏதோ அயல்நாட்டு இலக்கியப் புதிர் என்று எவரும் தள்ளிவிட வேண்டா. எங்கள் தோட்டப் பள்ளியின் இரண்டாம் வகுப்பு வரைக்கும் இந்தக் கொள்கை வந்து எட்டிப் பார்த்துவிட்டது. அந்தக் கதையைக் கடைசியில் கூறுவேன்.

பதினேழு வயதுக் கவிஞர்

ஆசிரியை குறிப்பிட்ட கவிஞர் ஆர்தர் ரிம்போ. 1854இல் பிரான்சின் வடகிழக்கிலுள்ள சார்ல்வில் என்னும் ஊரில் பிறந்தவர். பதினேழு வயது அளவில், 1871ஐ ஒட்டி, ‘உயிரெழுத்துகள்’ என்ற தலைப்பில் பதினான்கு அடிகொண்ட பாட்டு ஒன்றை இயற்றினார். அது 1883இல்தான் முதன்முதலாக அச்சேறியது. அடுத்த ஆண்டில் அவருடைய நண்பரும் கவிஞருமான வெர்லேன் தமது நூலொன்றில் அதனைச் சேர்த்துப் பரப்பினார். அதற்குள் ரிம்போவோ கவிதையை அடியோடு துறந்து, ஏடனிலும் அபிசீனியாவிலும் வணிகம் செய்யப் போய்விட்டார்.

அப்பாட்டில் ஐந்து உயிரெழுத்துகளுக்கு ஐந்து நிறங்கள் கூறப்படுகின்றன. பிரெஞ்சு எழுத்துகளை அ, எ, இ, உ, ஒ என்று தமிழ் வரியில் குறித்துக்கொள்வோம். அ கறுப்பு, எ வெள்ளை, இ சிவப்பு, உ பச்சை, ஒ நீலம். ஒவ்வொன்றையும் தொடர்ந்து சில காட்சிகள் அடுக்கப்படுகின்றன. கறுப்புக்கு அழுகலை மொய்க்கும் ஈக்கள். வெள்ளைக்குப் பனிமலையும் நீராவியும். சிவப்புக்கு உமிழ்ந்த குருதியும் அழகிய இதழின் சிரிப்பும். பச்சைக்குக் கடலும் மேய்ச்சல் நிலமும். நீலத்துக்கு எக்காள முழக்கமும் விண்ணின் மௌனமும். வழக்கமான வரிசையில் நான்காவதாக வரவேண்டிய ஒகரத்தை அவர் கடைசிக்குக் கொண்டுபோகிறார். கிரேக்க நெடுங்கணக்கின் இறுதி எழுத்து ஓமேகா. முதலெழுத்தில் தொடங்கி இறுதி எழுத்தில் முடிக்கவேண்டும் என்பதே அவர் கருத்து என்பது தெளிவு. அழுகலில் தொடங்கி விண்ணில் முடிகிறது பாட்டு.

பாட்டு நல்ல பாட்டு என்பதில் எனக்கு ஐயமில்லை. ஆயின் அது நல்ல பாட்டாக இருப்பதற்குக் காரணம் எழுத்துக்கும் நிறத்துக்கும் உள்ள தொடர்பா? இதுவே நாம் ஆராய வேண்டியது.

உகரத்தைப் பாடும் பகுதியின் முதல் அடியை எடுத்துக்கொள்வோம். பச்சைக் கடலின் அதிர்வைப் பேசும் அடி அது. அவ்வடியில், எழுத்தின் பெயராக முதலில் நிற்கும் உகரம் ஒன்றைத் தவிர, வேறு எந்தச் சொல்லிலும் அவ்வெழுத்து இல்லை. மாறாக, இகர ஒலியே அடி முழுதும் நிரம்பியிருக்கிறது. அத்தோடு வகர ஒலி மீண்டும் மீண்டும் வருகிறது. பச்சையைக் குறிக்கும் பிரெஞ்சுச் சொல்லே வகரத்தில் தொடங்குவதுதான். ஆகவே அந்த அடியில் நம் கண்முன் பச்சை விரிகிறதென்றால், அதனை விரிப்பது உகரமன்று. வகரமும் இகரமும் சேர்ந்த ஓசை, கடல் என்னும் பொருள், அடியின் நடை ஆகிய மூன்றும் கூடி விரிக்கின்றன. ‘இகரம் சிவப்பு’ என்று சற்று முன்பு கூறியவர், இகரம் நிறைந்த அடியில் பச்சையைக் காட்டி நம்மை நம்பவும் வைத்துவிடுகிறார். கவிஞரின் வெற்றியே அவருடைய கொள்கையின் தோல்வியாகி விடுகிறது.

ரிம்போவே இதனை உணர்ந்தவர் போலும். 1873இல் வெளியான ‘நரகத்தில் ஒரு பருவம்’ என்னும் உரைநூலில், உயிரெழுத்துகளின் நிறங்களைத் தாம் கண்டுபிடித்ததாக எண்ணிய காலத்தைத் தம் பித்துகளுள் ஒன்றின் வரலாறாகவே சொல்கிறார். பாட்டு அச்சேறுவதற்குப் பத்தாண்டு முன்பே அதை எழுதியவர் அக்கொள்கையைக் கைகழுவிவிட்டார். கைகழுவிய ஒன்றைத்தான் பின்வந்தவர்கள் வேதமாக எடுத்துக்கொண்டார்கள்.

விதி வகுத்த கில்

அவ்வாறு எடுத்துக்கொண்டவர்களுள் தலையாயவர் ரெனே கில். 1862இல் பிறந்த இவர், தமது இருபத்து நான்காம் வயதில், 1886இல், ‘சொல்லைப் பற்றிய ஆய்வுநூல்’ ஒன்றை வெளியிட்டார். அக்காலப் பிரெஞ்சுக் கவிதையுலகின் மதிப்புக்குரிய ஆசானாகிய மல்லார்மே அதற்கு முன்னுரை எழுதிக் கொடுத்தார். அம்முன்னுரை இன்றும் கற்றோரால் போற்றப்படுகிறது. நூலைத்தான் படிப்பார் அரிது.

கில் கவிதையோடு நிற்கவில்லை, விதி வகுத்தார். எழுத்துக்கு நிறம் மட்டும் போதாது, இசைக்கருவியும் வேண்டும் என்றார். அகரம் கறுப்பு, அதன் கருவி ஆர்கன். எகரம் வெள்ளை, யாழ் போன்ற ஹார்ப். இகரம் நீலம், வயலின். ஒகரம் சிவப்பு, பித்தளை ஊதுகருவிகள். உகரம் மஞ்சள், புல்லாங்குழல். இவ்விதிப்படி எழுத்துகளைத் தெரிந்து கோத்தால், ஒரு பெரிய வாத்தியக் குழுவின் இசையையும் ஓவியனின் வண்ணத்தையும் ஒருங்கே எழுப்பலாம் என்பது அவர் நம்பிக்கை. ஜெர்மானிய அறிவியலறிஞர் ஹெல்ம்ஹோல்ட்ஸ் 1863இல் வெளியிட்ட ஒலியாராய்ச்சி நூலைத் தமக்குச் சான்றாகக் காட்டினார்.

இப்பொழுது இரு பட்டியல்களையும் அருகருகே வைத்துப் பாருங்கள். அகரமும் எகரமும் ஒத்துப்போகின்றன. மற்ற மூன்றும் மாறுகின்றன. ரிம்போவுக்குச் சிவப்பாகத் தோன்றிய இகரம் கில்லுக்கு நீலம். அவருக்கு நீலமான ஒகரம் இவருக்குச் சிவப்பு. அவருடைய பச்சை உகரம் இவரிடம் மஞ்சளாகிவிட்டது. இருவரும் ஒரே நாட்டவர்; ஒரே மொழியினர்; ஒரே தலைமுறையினர். இயற்கையில் அமைந்த உண்மையாக இருந்தால் இப்படி மாறுமா? கில், ரிம்போவின் நிறங்களைத் தாம் திருத்தியதாகவே கருதினார். எதைக்கொண்டு திருத்தினார் என்று கேட்டால், தம் உணர்வைத் தவிர வேறு அளவுகோல் அவரிடம் இல்லை.

திறனாய்வாளன் இவ்விடத்தில் ஒரு வேறுபாட்டைக் காணவேண்டும். ரிம்போ ‘எனக்கு இப்படித் தோன்றுகிறது’ என்று பாடினார். அதனை மறுக்க எவராலும் இயலாது; மறுக்கத் தேவையும் இல்லை. நிலவை நங்கையின் முகம் என்று பாடும் புலவனிடம் நாம் அளவுகோலை நீட்டுவதில்லை அன்றோ? கில்லோ ‘உங்கள் எல்லாருக்கும் இப்படித்தான்’ என்று சட்டம் இயற்றினார். தோற்றம் கவிதையின் உரிமை; சட்டம் சான்று கேட்கும். சான்று காட்ட இயலாத சட்டத்துக்குத் தம் கவிதைகளையே அவர் அடிமையாக்கினார். மல்லார்மேயோடு கொண்ட நட்பும் 1888இல் முறிந்தது. அவர் 1925இல் மறைந்தார். முதலில் வந்த சிறுபாட்டு உலக மொழிகளில் வாழ்கிறது. அதனை விதியாக்கிய நூல் ஆராய்ச்சியாளர் மேசையில் மட்டும் கிடக்கிறது.

எழுத்தா, ஒலியா?

தமிழாசிரியர் என்ற முறையில் நமக்கு உடனே எழவேண்டிய வினா ஒன்று உண்டு. நிறம் எதற்கு? ஒலிவடிவுக்கா, வரிவடிவுக்கா?

பிரெஞ்சு மொழியில் எழுத்து வேறு, ஒலி வேறு. எகரம் என்று நாம் குறித்த அந்த ஒரே எழுத்து, இடத்துக்கேற்பப் பல ஒலிகளைப் பெறும். பல சொற்களின் இறுதியில் ஒலியே இன்றி ஊமையாகவும் நிற்கும். உகரம் என்று குறித்த எழுத்தோ நம் உகரமே அன்று. இதழை உகரத்துக்குப் போலக் குவித்துக்கொண்டு இகரத்தைச் சொன்னால் எழும் ஒலி அது. தமிழில் அதற்கு எழுத்து இல்லை. நம் உகரத்தைப் பிரெஞ்சுக்காரர்கள் இரண்டு எழுத்துகளைக் கூட்டித்தான் எழுதுகிறார்கள். மூக்கொலி கலந்த உயிர்களும் அம்மொழியில் உண்டு. இவற்றையெல்லாம் எண்ணினால் பிரெஞ்சு உயிரொலிகள் பத்துக்கும் மேல். பாட்டில் நிறம் பெற்றவை ஐந்து. ஆகவே ரிம்போ நிறம் பூசியது ஒலிகளுக்கு அன்று. பள்ளிக்கூடத்து நெடுங்கணக்கின் எழுத்துகளுக்கு. சிறுவயதில் அவர் பார்த்த வண்ண அரிச்சுவடி ஒன்றின் நினைவே இப்பாட்டு என்று 1904இல் பிரான்சில் ஒருவர் எழுதினார். அது முடிந்த முடிபன்று. ஆயினும் சிந்திக்கத் தக்கது.

எனவே, ‘பிரெஞ்சுக் கவிஞர் பாடியதால் தமிழ் உயிருக்கும் நிறம் உண்டு’ என்று கூறுவோர் இரண்டு முறை தவறுகிறார்கள். அவர் பாடியது ஒலியை அன்று. அவருடைய எழுத்துகள் நம்முடைய எழுத்துகளும் அல்ல.

ஆராய்ச்சி கூறுவது

அப்படியானால் இதில் உண்மையே இல்லையா என்று கேட்டால், உண்டு என்றே கூறவேண்டும். எதிர்க்கட்சிக்கு உரியதையும் கொடுத்து வழக்காடுவதே முறை.

எழுத்தைக் கண்டாலோ கேட்டாலோ தாமாகவே நிறம் தோன்றும் இயல்புடைய மனிதர்கள் உண்மையில் இருக்கிறார்கள். 1812இல் சாக்ஸ் என்ற ஜெர்மானிய மருத்துவர் தமக்கே அவ்வியல்பு இருப்பதை எழுதிவைத்தார். 1883இல் ஆங்கில அறிஞர் கால்ட்டன் பலருடைய அனுபவங்களைத் திரட்டி வெளியிட்டார். ஒரு புலனுக்கு வந்தது மற்றொரு புலனையும் எழுப்பும் இவ்வியல்பு, ஏதேனும் ஒரு வகையில் நூற்றுக்கு நான்கு பேர் அளவில் காணப்படுவதாக 2006இல் வெளியான ஓர் ஆய்வு கூறிற்று. உருசிய நாட்டில் பிறந்த எழுத்தாளர் நபக்கோவ் அத்தகையவர். சிறுவராக இருக்கையில் எழுத்துக் கட்டைகளை வைத்து விளையாடியபோது, ‘இவற்றின் நிறங்கள் எல்லாம் தவறு’ என்று தாயிடம் சொன்னாராம். தாய்க்கும் அதே இயல்பு உண்டு. ஆனால் தாய் கண்ட நிறங்கள் எல்லாம் மகன் கண்ட நிறங்கள் அல்ல. ஒரே வீட்டுக்குள்ளேயே பட்டியல் மாறிவிட்டது.

இதனினும் வியப்பானது 2015இல் அமெரிக்காவில் வெளியான ஆய்வு. அங்கே இவ்வியல்புடைய 6,588 பேரின் எழுத்து நிறங்களை ஆராய்ந்தார்கள். அவர்களுள் நூற்றுக்கு ஆறு பேருடைய நிறங்கள், ஒரு காலத்தில் அந்நாட்டில் பெரிதும் விற்பனையான காந்த எழுத்து விளையாட்டுப் பொருளின் நிறங்களோடு ஒத்திருந்தன. விண்ணிலிருந்து இறங்கியதாக எண்ணப்பட்ட நிறம் சிலருக்குக் குளிர்பெட்டிக் கதவில் ஒட்டியிருந்த விளையாட்டுப் பொம்மையிலிருந்து வந்திருக்கிறது! 1904இல் எழுதப்பட்ட அந்த அரிச்சுவடிக் கருத்தை நினைத்துப் பாருங்கள்.

ஒலிக்கும் ஒளிக்கும் ஒருவகை உறவு எல்லாரிடமும் மெலிதாக இருப்பதும் மெய்யே. ஒல்லாந்து நாட்டில் ஆயிரத்துக்கு மேற்பட்டோரிடம் நடத்தி 2019இல் வெளியிட்ட ஆராய்ச்சியில், இகரம் போன்ற ஒலிகளை மக்கள் வெளிறிய நிறங்களோடும், உகரம் ஒகரம் போன்றவற்றை இருண்ட நிறங்களோடும் பொருத்தும் போக்கு காணப்பட்டது. வடிவத்திலும் இதுவே நிலை. வளைந்த உருவம், கூரிய உருவம் இரண்டையும் காட்டி, ‘பூபா’ எது, ‘கிக்கி’ எது என்று கேட்டால், பெரும்பாலோர் வளைந்ததைப் பூபா என்பர். 25 மொழிகளைப் பேசுவோரிடம் நடத்தி 2022இல் வெளியிட்ட சோதனையில் நூற்றுக்கு 72 பேர் அளவில் அவ்வாறே கூறினர்.

இதற்குக் காரணமும் மறைபொருள் அன்று. இகரத்தை ஒலிக்கையில் நாக்கு முன்னே உயர்ந்து வாயறை குறுகுகிறது. ஒலியில் மேல்அதிர்வுகள் மிகுகின்றன. உகரத்தில் இதழ் குவிந்து அவை அடங்குகின்றன. கூர்மையான ஒலியை வெளிச்சமாகவும் தாழ்ந்த ஒலியை இருளாகவும் உணர்வது மனித இயல்பு. அவ்வளவே. வெளிறியது, இருண்டது என்ற எல்லைக்கு மேலே சென்று ‘இது நீலம், இது பொன்’ என்று சொன்னவுடன் ஆளுக்கு ஒரு பட்டியல் பிறந்துவிடுகிறது.

ஒலியும் ஒளியும் ஒன்றே என்று கூறுவாரும் உளர். 1704இல் வெளியிட்ட நூலில் நியூட்டனே வானவில்லின் ஏழு நிறங்களை ஏழு இசைநிலைகளோடு பொருத்திப் பார்த்தார். அதனைத் தொடர்ந்து காஸ்டெல் என்னும் பாதிரியார் நிறங்களை இசைக்கும் கருவியொன்றை 1725இல் அறிவித்தார். ஆயினும் ஒலி காற்றின் அதிர்வு. நொடிக்கு ஏறத்தாழ 340 மீட்டர் செல்வது. காற்றில்லா இடத்தில் மாய்ந்துவிடுவது. ஒளி நொடிக்கு ஏறத்தாழ மூன்று இலட்சம் கிலோமீட்டர் செல்வது. வெற்றிடத்தையும் கடந்து வருவது. பேச்சொலியின் அதிர்வு நொடிக்குச் சில நூறிலிருந்து சில ஆயிரம். கண்ணுக்குத் தெரியும் ஒளியின் அதிர்வோ பல நூறு இலட்சம் கோடி. இரண்டையும் அதிர்வு என்னும் ஒரு சொல்லால் குறிப்பதனால் அவை ஒன்றாகிவிடா.

நம் நூல்களில்

‘அயல்நாட்டார் கதை கிடக்கட்டும், நம் முன்னோரே எழுத்துக்கு நிறம் சொல்லியிருக்கிறார்களே’ என்று அன்பர் சிலர் கேட்கக்கூடும். சொல்லியிருக்கிறார்கள். என்ன சொன்னார்கள் என்பதைக் கூர்ந்து நோக்குவோம்.

சைவ சித்தாந்த சாத்திரங்கள் பதினான்கனுள் ஒன்று, திருவதிகை மனவாசகங் கடந்தார் அருளிய உண்மை விளக்கம். பதின்மூன்றாம் நூற்றாண்டு நூல். அதில் ஐம்பூதங்களுக்கு வடிவம், நிறம், எழுத்து மூன்றும் கூறப்படுகின்றன. நிலம் பொன்னிறம், எழுத்து லகரம். நீர் வெண்மை, வகரம். தீ செம்மை, ரகரம். காற்று கருமை, யகரம். வான் புகைநிறம், அகரம். இங்கே நிறம் எதற்கு உரியது? பூதத்துக்கு உரியது. எழுத்து அப்பூதத்துக்குத் தியானத்தில் வழங்கும் குறி. லகரத்தைக் கேட்டால் பொன்னிறம் தோன்றும் என்று ஆசிரியர் கூறவே இல்லை. மேலும் அவ்வெழுத்துகள் வடமொழி மந்திர மரபின் வித்தெழுத்துகளை ஒட்டியவை. ழகரத்துக்கும் ளகரத்துக்கும், றகரத்துக்கும் னகரத்துக்கும் அங்கே இடமில்லை. தமிழ் நெடுங்கணக்கின் இயல்பை விளக்க எழுந்த நூலன்று அது. ஆன்ம சாதனைக்கு வழிகாட்ட எழுந்த நூல். பூசையறைக்கு உரியதைப் பூசையறையில் போற்றுவதே அந்நூலுக்கு நாம் செய்யும் மரியாதை. வகுப்பறைச் சுவரில் அட்டையாகத் தொங்கவிடுவது மரியாதையாகாது.

இரண்டாவது, பாட்டியல் நூல்கள். குணவீர பண்டிதர் இயற்றிய வச்சணந்திமாலை இவற்றுள் பெயர்பெற்றது. தலைவனைப் புகழ்ந்து பாடும் பிரபந்தத்தின் முதற்சொல்லுக்குப் பத்துப் பொருத்தம் பார்க்கவேண்டும் என்பது இந்நூல்களின் விதி. அவற்றுள் ஒன்று உண்டிப் பொருத்தம். சில எழுத்துகள் அமுத எழுத்து. யா, யோ, ரா, ரோ முதலியன நஞ்செழுத்து. மற்றொன்று வருணப் பொருத்தம். பன்னிரண்டு உயிரும் ககரம் முதல் ணகரம் வரையுள்ள ஆறு மெய்யும் அந்தணர்க்கு. தகரம் முதல் ரகரம் வரை ஆறும் அரசர்க்கு. ல, வ, ற, ன வணிகர்க்கு. எஞ்சிய ழகரமும் ளகரமும் நான்காம் வருணத்துக்கு.

தமிழின் சிறப்பெழுத்து என்று நாம் மேடைதோறும் பெருமை பேசும் ழகரம், இப்பட்டியலில் கடைசிப் படியில் நிற்கிறது. ‘வருணம்’ என்ற வடசொல்லுக்கு நிறம், எழுத்து, சாதி என்னும் மூன்று பொருளும் உண்டு. எழுத்துக்கு நிறம் கூறத் தொடங்கியவர் எழுத்துக்குச் சாதி கூறுவதில் போய் முடிவதற்கு நெடுந்தூரம் நடக்க வேண்டுவதில்லை. ஒரே சொல்லுக்குள்ளேயே அந்தப் பாதை கிடக்கிறது. தோட்டத்துப் பிள்ளைகளுக்கு முப்பது ஆண்டாக எழுத்தறிவித்து வரும் நான் இதனைக் கண்டு அஞ்சுகிறேன். எழுத்துகளுக்குள் ஏற்றத்தாழ்வு நம்பப்பட்டால், அந்த எழுத்தைப் பெயரில் தாங்கிய பிள்ளைக்கும் அது ஒட்டிக்கொள்ளும்.

இவ்விரு மரபுக்கும் முற்பட்ட தொல்காப்பியர் என்ன செய்தார்? பிறப்பியலில் எழுத்துகள் பிறக்கும் இடங்களை வகுத்தார். நெஞ்சு, மிடறு, அண்ணம், நா, பல், இதழ், மூக்கு முதலிய உறுப்புகளையே பேசினார். அங்காந்து ஒலிப்பவை அ, ஆ. அங்காப்போடு நாவிளிம்பும் சேர்வன இ, ஈ, எ, ஏ, ஐ. இதழ் குவிவன உ, ஊ, ஒ, ஓ, ஔ. இம்மூன்று பகுப்பும் இன்றைய ஒலிநூலார் பகுப்போடு ஒத்திருப்பதை நான் சொல்லத் தேவையில்லை. ஒல்லாந்து ஆராய்ச்சியில் வெளிறியும் இருண்டும் தோன்றிய இருவகை உயிர்களும் இப்பகுப்பின் வழியே பிரிந்து நிற்பதையும் நோக்குக.

அவ்வியலின் முடிவில் அவர் ஒரு வரம்பு கட்டுகிறார். உள்ளே எழும் வளியிசையின் நுட்பத்தைக் கூறுவது அந்தணர் மறைக்கு உரியது. இங்கே அதனைச் சொல்லாது, வெளியே வந்து செவிக்குப் புலனாகும் ஒலியின் அளவையே சொன்னேன் என்பது அவர் கருத்து. மறைபொருளை அவர் இகழவில்லை. அதற்குரிய இடத்தைக் காட்டிவிட்டு, இலக்கண ஆசிரியனின் கடமை எது என்று தெளிவாகக் கோடு கிழித்தார். அந்தக் கோட்டை நாம் ஏன் அழிக்கவேண்டும்?

வண்ணம் என்னும் சொல்

ஒலிக்கு நிறம் வேண்டுமென்றே விழைவார்க்குத் தமிழில் ஓர் அரிய சொல் காத்திருக்கிறது. அது வண்ணம். நிறத்துக்கும் அதுவே பெயர். பாட்டின் ஓசை நடைக்கும் அதுவே பெயர். தொல்காப்பியர் செய்யுளியலில் இருபது வண்ணங்களைக் கூறுகிறார். வல்லெழுத்து மிகுந்தால் வல்லிசை வண்ணம். மெல்லெழுத்து மிகுந்தால் மெல்லிசை வண்ணம். குற்றெழுத்து பயின்றால் குறுஞ்சீர் வண்ணம். நெட்டெழுத்து பயின்றால் நெடுஞ்சீர் வண்ணம். நெடிலும் குறிலும் விரவினால் சித்திர வண்ணம். பிற்காலத்தில் அருணகிரியார் திருப்புகழ் இவ்வண்ண மரபின் சிகரமாயிற்று.

இதில் பொதிந்துள்ள கருத்தைக் கவனியுங்கள். தனி எழுத்துக்கு வண்ணம் கூறப்படவில்லை. எழுத்துகள் மிகும்போதும், பயிலும்போதும், விரவும்போதும் வண்ணம் பிறக்கிறது. ஓசையின் நிறம் கூட்டத்தில் இருக்கிறதேயன்றித் தனியெழுத்தில் இல்லை. ரிம்போவின் பச்சை அடியில் நாம் கண்டதும் இதுவே. தம் கொள்கையால் அவர் கூற இயலாததை அவருடைய செவி அறிந்திருந்தது. கில் தேடி அலைந்து காணாத இலக்கணத்தின் தொடக்கம் நம் செய்யுளியலில் இருக்கிறது. அதற்கு நிறச்சாந்து வேண்டுவதில்லை. செவி இருந்தால் போதும்.

ஒரு சிறுமியின் பெயர்

இனி, முன்பு கூறுவதாகச் சொன்ன கதை. எங்கள் பள்ளியில் இரண்டாம் ஆண்டில் படிக்கும் சிறுமி ஒருத்தி, சென்ற ஆண்டில் திடீரெனத் தன் பெயரின் முதலெழுத்தை விட்டுவிட்டு எழுதத் தொடங்கினாள். பெயர் ‘யோ’வில் தொடங்குவது. வகுப்பாசிரியை பிழை என்று பலமுறை திருத்தினார். சிறுமி மீண்டும் அவ்வாறே எழுதினாள். பெயர் கூப்பிடும்போதும் வாய் திறப்பதில்லை. படிப்பில் மந்தமோ என்று ஆசிரியை என்னிடம் கொண்டுவந்தார்.

தாயை அழைத்து விசாரித்தேன். தாயும் தந்தையும் செம்பனைத் தோட்டத்தில் வேலை செய்பவர்கள். பிள்ளைக்கு அடிக்கடி காய்ச்சல் வருகிறதே என்று பட்டணத்தில் பெயர்ப்பலன் கூறும் ஒருவரிடம் சென்றிருக்கிறார்கள். அவர் இருநூறு வெள்ளி பெற்றுக்கொண்டு, "முதலெழுத்து நஞ்செழுத்து, அதன் ஒளி கறுப்பு, அதுதான் பிள்ளையைப் பிடித்து ஆட்டுகிறது" என்று சொல்லியிருக்கிறார். புதுப்பெயர் ஒன்றும் கொடுத்திருக்கிறார். பெரியவர்கள் பேசியதைப் பிள்ளை கேட்டுக்கொண்டிருந்திருக்கிறாள். "ஐயா, எழுதுனா காய்ச்சல் வந்துரும்னு பயப்படுறா" என்றார் தாய். அவருக்கும் அந்தப் பயம் இருந்தது அவர் முகத்திலேயே தெரிந்தது.

பிரபந்தத்தின் முதற்சொல்லுக்குப் புலவர்கள் வகுத்துக்கொண்ட விதி ஒன்று, நூற்றாண்டுகளைக் கடந்து, இடையிலே நிறமும் ஒளியும் பூசிக்கொண்டு, ஏழை வீட்டுப் பிள்ளையின் பயிற்சிப் புத்தகத்தில் வந்து நின்ற விதத்தைப் பார்த்தீர்களா? ஏட்டளவில் நாம் இதனைச் சுவையான செய்தி என்று படித்துவிட்டுப் போகலாம். அச்சிறுமிக்கு அது தன் பெயரின் முதலெழுத்து.

நான் தாயிடம் நூல்களைப் பற்றிப் பேசவில்லை. பிள்ளையை மருத்துவமனைக்கு அழைத்துச் செல்லும்படி சொன்னேன். சிறுமியைக் கூப்பிட்டு, பலகையில் ‘யானை’, ‘யாழ்’, ‘யோகம்’ என்று எழுதி, "இவற்றுள் எது கடிக்கும்?" என்று கேட்டேன். "யானை கடிக்காது, மிதிக்கும்" என்றாள். இருவரும் சிரித்தோம். சில வாரங்கள் கழித்துப் புத்தகத்தில் முழுப்பெயரும் எழுதினாள். வீட்டில் இன்னமும் புதுப்பெயரில்தான் அழைக்கிறார்கள் என்று கேள்வி. பள்ளிப் பதிவேட்டில் பழைய பெயர் இருக்கிறது. அதற்கு மேல் என்னால் ஆனது ஒன்றுமில்லை.

வினா எழுப்பிய ஆசிரியைக்கு என் விடை இதுதான். வண்ணச் சுண்ணாம்பைத் தாராளமாகப் பயன்படுத்துங்கள். உயிரை ஒரு நிறத்திலும் மெய்யை ஒரு நிறத்திலும் எழுதினால் உயிர்மெய் பிறக்கும் முறை பிள்ளைகளுக்கு எளிதில் விளங்கும். ஆயின் அந்த நிறம் நாம் வைத்தது என்பதைப் பிள்ளைகளிடம் சொல்லிவிடுங்கள். மறுவாரம் நிறத்தை மாற்றியும் எழுதுங்கள். ஓர் எழுத்து தங்களுக்கு என்ன நிறமாகத் தோன்றுகிறது என்று பிள்ளைகளையே கேளுங்கள். இருபது பிள்ளைகள் இருபது விடை கூறுவர். அத்தனையும் சரியே. எழுத்தைச் சொல்லும்போது வாய் எப்படித் திறக்கிறது, நா எங்கே படுகிறது என்று காட்டும்போது மட்டும் இருபது பேருக்கும் விடை ஒன்றாக இருக்கும். நாம் கற்பிக்க வேண்டியது அந்த ஒன்றை.